வெளியே சொல்லக்கூடாது

மீரா சாகிப் பேனாவைத் தொடவே இல்லை. சமரசத் தாளை மேசை ஓரமாகத் தள்ளி வைத்துவிட்டுக் கையைக் கட்டிக்கொண்டார்.

சமரசம் பேச நியமிக்கப்பட்ட வழக்கறிஞர் காமினிக்கு எரிச்சல் தலைக்கேறியது. காலையிலிருந்து ஜார்ஜ் டவுன் நீதிமன்றத்தில் இந்த அறைக்கும் பேங்க்காரர்கள் உட்கார்ந்திருந்த பக்கத்து அறைக்கும் நடையாய் நடந்து அவளுக்குக் கால் கடுத்துப்போயிருந்தது.

விஷயம் பெரிசே இல்லை. சாகிப்பின் நாசி கண்டார் சோற்றுக் கடை வசூலைப் பேங்க் மெஷினில் போட்டிருக்கிறார்கள். மெஷின் விழுங்கிவிட்டுக் கணக்கில் காட்டவில்லை. எங்கள் மெஷின் தப்பே பண்ணாது என்று ரொம்ப நாள் சாதித்த பேங்க், வழக்கு என்றதும் இறங்கி வந்துவிட்டது. முழுப் பணமும் தருவார்கள், மேலே நஷ்ட ஈடும் உண்டு. சமரசத்தில் வழக்கமாகப் போடுகிற ஒரே ஒரு நிபந்தனைதான். பணம் கொடுத்ததையோ மெஷின் கோளாறையோ வெளியே மூச்சு விடக்கூடாது.

அதற்குத்தான் மனுஷன் மாட்டவே மாட்டேன் என்கிறார்.

பக்கத்து அறையில் பேங்க் அதிகாரி தங்கராஜு சிரித்தார். கிழவர் இன்னும் கொஞ்சம் கறக்கப் பார்க்கிறார், நஷ்ட ஈட்டை இரட்டிப்பாக்கினால் கையெழுத்து தானாக விழும் என்றார். காமினிக்கும் அப்படித்தான் பட்டது. வந்து சாகிப்பிடம் இரட்டிப்புத் தொகையைச் சொன்னாள்.

"பத்து மடங்கு குடுத்தாலும் வேணாம்லா," என்றார் சாகிப். "மெஷின் தப்புன்னு ஊருக்கே சொல்லுவேன்."

கடையில் கூட்டம் குறைந்து பாதி மேசைகளை எடுத்துவிட்டதாகக் காலையில் அவரேதான் புலம்பியிருந்தார். இந்த லட்சணத்தில் வீம்பு வேறு. காமினிக்குப் பொறுமை போய்விட்டது.

"பாய், இன்னைக்கு விட்டா விசாரணைக்குப் போயிரும். தோத்தா ஒரு காசு வராது. பேங்க் மானத்தை வாங்குறதுல உங்களுக்கு அப்படி என்ன சந்தோஷம்?"

"அவங்க மானம் எனக்கு எதுக்கு மேடம்?"

சாகிப் கட்டியிருந்த கைகளைப் பிரித்தார்.

"அன்னைக்குப் பணத்தை மெஷின்ல போட்டது எங்க கல்லாவுல இருந்த ஹாஃபிஸ். போட்டேன் போட்டேன்னு அழுதான். நான் நம்பல. மத்தியானச் சாப்பாட்டு நேரம், கடை நிறைய ஆள் பார்க்க, திருடன்னு சொல்லி வெரட்டினேன். அடுத்த கடைக்காரர் பணத்தையும் அதே மெஷின் விழுங்கின பிறகுதான் எனக்குப் புத்தி வந்துச்சு. இன்னைக்கு வரைக்கும் அந்த ரோட்டுல ஒருத்தரும் அவனுக்கு வேலை குடுக்கல."

தாளை அவள் பக்கமாக நகர்த்தினார்.

"இதுல கையெழுத்துப் போட்டா என் பணம் வந்துரும். அவன் திருடன் இல்லேன்னு யார் மேடம் சொல்லுவா?"