கண்ணாடி தேடும் காலை

விடியலின் நீல வெளிச்சத்தில் அப்பா பூனைபோல் நடந்து வந்து, தன் மூக்குக்கண்ணாடியைச் சர்க்கரை டப்பாவுக்குப் பின்னால் ஒளித்துவைத்தார். விடுமுறைக்கு வந்திருந்த மகள் பார்த்துவிட்டாள்.

"என்னப்பா இது?"

"ஷ்! ரிட்டயர் ஆனதுலேர்ந்து உங்கம்மா படுக்கையே கதின்னு கிடந்தா. இப்ப இதைத் தேடிக் கொடுக்கவாவது எழுந்திரிக்கிறா. காலையில எழுந்திரிக்க ஒரு காரணம் வேணும்மா. ஜப்பான்ல அதை இக்கிகாய்னு சொல்வாங்க."

பிறகு உரக்கக் கூப்பிட்டார். "என் கண்ணாடியப் பார்த்தியா?"

அம்மா கனவிலிருந்து மிதந்து வருபவளைப்போல வந்தாள். வீடெல்லாம் தேடி, செல்லமாகத் திட்டி, கண்ணாடியை அவர் மூக்கில் மாட்டிவிட்டாள். அப்பா சிரித்தபடி நடக்கக் கிளம்பினார்.

மகளுக்கு மனசு கேட்கவில்லை. "அம்மா, அப்பா வேணும்னே..."

"தெரியும்டி. எனக்கு நாலு மணிக்கே முழிப்பு வந்துடும். நான் எழுந்துட்டா, அப்புறம் அவருக்கு எழுந்திரிக்க என்ன வேலை இருக்கு? அதான் கண்ணை மூடிப் படுத்திருக்கேன்."