முகட்டில் ஒரு மாலை

கூரை மரங்கள் ஏறிவிட்டால், வீட்டின் வரைபடத்தைப் போட்டவரே முகட்டில் இலைமாலை கட்ட வேண்டும் என்பது அந்த நார்வே ஊரின் வழக்கம். இம்முறை அதைப் போட்டவள் ஒரு பெண், ஹால்வாரின் மகள் சிக்ரித். "படம் போட்டது அண்ணன், பேரு மட்டும் தங்கச்சியோடதுன்னு ஊர்ல பேச்சு. இவங்க ஏறலேன்னா அதுவே நிஜமாயிடும் ஐயா," என்றான் தலைமைத் தச்சன் தோர்கில் ஹால்வாரிடம். அவள் மாலையைத் தோளில் மாட்டிக்கொண்டு ஏணியில் கால் வைத்தாள். காற்றில் நீண்ட பாவாடை படபடத்தது. கீழே பதினோரு ஆண்கள். தன் வீட்டுப் பெண்ணை எவனும் அண்ணாந்து பார்த்ததில்லை என்பது ஹால்வாரின் பெருமை.

"இறங்கு சிக்ரித்."

"மாட்டேன்ப்பா."

அவர் கைத்தடியை ஓங்கி ஊன்றினார். "எல்லாரும் கடலைப் பார்த்துத் திரும்புங்கடா!"

"அப்போ இவங்கதான் ஏறினாங்கன்னு யாருங்க சாட்சி?" என்று சிரித்தபடியே தோர்கில் திரும்பினான். ஹால்வாரும் திரும்பிக்கொண்டார். ஏணிப் படிகள் ஒவ்வொன்றாய் முனகின. பிறகு சத்தமே இல்லை.

"கட்டிட்டேன்," என்றது மேலிருந்து குரல். "நான் இறங்குறதுக்குள்ள பாருங்க!"

ஒருவரும் அசையவில்லை. பதினோரு முதுகுகளும் அவர் சொல்லுக்காகக் காத்திருந்தன. ஹால்வார் தொப்பியைக் கழற்றிக் கையில் பிடித்துக்கொண்டார். அண்ணாந்தால் அது விழுந்துவிடும்.