ஒரு கரண்டி மருந்து

திரையில் அவன் முகம் தெரிந்ததும் கூட்டம் ‘ஊ’ என்று கத்தியது.

அவன் இருட்டில் சிரித்துக்கொண்டான். கத்தட்டும். இன்னும் கொஞ்ச நேரம்தானே.

பார்சிலோனாவில் எடுக்கிற ஊமைப்படங்களில் பத்து வருடமாக அவன் வில்லனுக்குப் பக்கத்தில் நிற்கிற ஆள். கத்தி எடுத்துக் கொடுப்பான். கதவைத் தாழிடுவான். குதிரையிலிருந்து விழுந்து சாவான். முகராசி அப்படி. கசாப்புக் கடைக்காரர்கூட அவனுக்கு எலும்பாகப் பார்த்துத்தான் போடுவார்.

இந்த ஒரு படத்தில்தான் நல்லவன். ஏழைகளின் டாக்டர். சாகக் கிடக்கும் குழந்தைக்கு மருந்து கொடுத்துப் பிழைக்க வைக்கிறான்.

அதைக் காட்டத்தான் மகளைக் கூட்டி வந்திருந்தான். கசில்டாவுக்கு ஆறு வயது. கெட்டவன் மகள் என்று தெருப் பிள்ளைகள் அவளை விளையாட்டில் சேர்ப்பதில்லை. இருமிக்கொண்டே அவன் மடியில் உட்கார்ந்திருந்தாள்.

திரையோரம் நீளக் கோலோடு கதைசொல்லி நின்றார். திரையில் வரும் எழுத்தைப் படிக்கத் தெரியாதவர்களுக்கு அவர் வாய்தான் படம். படத்தை முன்கூட்டிப் பார்த்துவைக்கும் வழக்கமெல்லாம் அவரிடம் கிடையாது. முகத்தைப் பார்த்தே கதையைச் சொல்லிவிடுவார்.

கோல் அவன் மூக்கில் போய்த் தட்டியது.

“வந்துட்டான்யா பாவி! டாக்டர் வேஷத்துல வந்திருக்கான். கையில என்ன தெரியுதா? விஷம்!”

கொட்டகையே எழுந்து நின்றது.

இல்லை என்று கத்த வாயெடுத்தான். கூச்சலில் அவன் குரல் அமுங்கிப் போயிற்று.

திரையில் அவன் குழந்தையின் தலையைத் தூக்கிப் பிடித்து, கனிவாகச் சிரித்தான். அந்தச் சிரிப்புக்காகக் கண்ணாடி முன்னால் ராப்பகலாய்ப் பழகியிருந்தான்.

“சிரிக்கிறான் பாருங்க, கல்நெஞ்சக்காரன்!”

யாரோ ஆரஞ்சுத் தோலை வீசினார்கள்.

திரையில் குழந்தை கண்ணைத் திறந்தது. கதைசொல்லி திகைத்தார். ஒரு நொடிதான்.

“மாதாவே! விஷத்தையும் முறிச்சுட்டியே தாயே!”

கைதட்டலில் கூரை அதிர்ந்தது. பெண்கள் சிலுவை போட்டுக்கொண்டார்கள்.

அவன் மடியில் பாரமில்லை. கசில்டா எப்போது இறங்கினாள் என்று தெரியவில்லை. பக்கத்து இருக்கைக்காரியின் பாவாடையைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

வீட்டுக்குப் போகும் வழியெல்லாம் அவனே பேசிக்கொண்டு வந்தான். அந்த ஆள் உளறிவிட்டான் என்றான். அது மருந்துதான் என்றான். அவள் எல்லாவற்றுக்கும் தலையாட்டினாள்.

வீட்டுக்கு வந்ததும் அவளுடைய இருமல் மருந்தைக் கரண்டியில் ஊற்றி நீட்டினான். தினமும் அவன்தான் கொடுப்பான்.

அவள் வாயை இறுக மூடிக்கொண்டாள்.

கரண்டியைத் தன் வாயில் கவிழ்த்து விழுங்கினான். ஒரே கசப்பு. மறுபடி ஊற்றி நீட்டினான்.

கசில்டா உடனே வாங்கிக்கொள்ளவில்லை.

அவன் முகத்தையே பார்த்தபடி, கொஞ்ச நேரம் பொறுத்திருந்தாள்.