காட்டிக் கொடுத்த கை

“தெரியாது எண்டு மட்டும் சொல்லுகா. வேறொண்டும் பேசாத,” என்றார் கனகசிங்கம், நீதிமன்ற வாசலில் வைத்தும்.

ஆச்சிப்பிள்ளை தலையை ஆட்டினாள். ஒரு கிழமையாகப் புருசன் இதைத்தான் சொல்லிக் கொடுக்கிறார். அவளும் இப்படித்தான் தலையாட்டிக்கொண்டிருக்கிறாள்.

ஆற்றில் அனுமதியில்லாமல் மணல் ஏற்றியதற்குக் கனகசிங்கம் குற்றத்தை ஒப்புக்கொண்டு தண்டமும் கட்டியாயிற்று. உழவு மெசின்தான் இன்னும் பொலிஸ் வளவில் நிற்கிறது. பின்னால் மணல் ஏற்றிய இழுவைப் பெட்டிக்குள் புல் முளைத்துவிட்டது. அரசுடைமை ஆக்கிவிட்டால் அதோடு சரி. உன்னிச்சை வயல் வட்டைக்குள் எல்லாரும் விதைப்புக்கு உழத் தொடங்கிவிட்டார்கள்.

ஒரு வழிதான் இருந்தது. ஆச்சிப்பிள்ளையின் சீதன வயலில் ஒரு துண்டை விற்று வாங்கியதால் மெசின் அவள் பேரில். சட்டத்தரணி ஹிதாயா விளக்கமாகச் சொல்லியிருந்தாள்.

“மெசினுக்கு உரிமையாளர் நீங்கதான் அம்மா. ஒண்டில் இது உங்களுக்குத் தெரியாம நடந்திருக்கணும். இல்லாட்டித் தடுக்க உங்களால ஏலுமான எல்லாத்தையும் செஞ்சிருக்கணும். ரெண்டில எதைக் காட்டினாலும் மெசின் வரும்.”

தெரியாது என்பதுதான் லேசு என்று கனகசிங்கம் முடிவெடுத்தார். ஆனால் பொய் சொன்னால் அவளுக்கு வாய் குழறும். அதுதான் அவருக்குப் பயம்.

அவருடைய ஆத்திரமெல்லாம் பொலிசுக்குத் தகவல் கொடுத்தவன் மேல். எத்தனை மெசின் ஆற்றில் இறங்குகிறது, தன்னுடையதை மட்டும் எவனோ ஒருவன் பார்த்திருந்து பிடித்துக் கொடுத்துவிட்டான். அம்மன் கோயிலில் தேங்காய் உடைத்து, “காட்டிக் குடுத்தவன்ட கை விளங்காமப் போகணும்” என்று நேர்த்தி வைத்துவிட்டு வந்தார். தேங்காய்த் தட்டை ஏந்திக்கொண்டு பக்கத்தில் நின்றவள் ஆச்சிப்பிள்ளைதான்.

மணல் அள்ளிய குழி ஒன்றில்தான், போன மாரியில், குளிக்கப் போன பக்கத்து வீட்டுப் பிள்ளை ஆர்த்திகா தண்ணீரில் தாண்டு செத்துப்போனாள். பிள்ளையைத் தேடி எடுத்துக் கரைக்குத் தூக்கி வந்ததே கனகசிங்கம்தான். குழியை வெட்டியது யார் என்று ஊரில் ஒருவரும் கேட்கவில்லை. எத்தனையோ பேர் அள்ளுகிற இடம், நான் ஒருவனா என்று அவரும் தனக்குள் சொல்லிக்கொண்டார். பிள்ளையின் முப்பத்தொண்டாம் நாள் சடங்கு முடிய முதலே மறுபடி மெசினை ஆற்றில் இறக்கினார்.

வழக்கைக் கூப்பிட்டார்கள். ஆச்சிப்பிள்ளை கூண்டில் ஏறிச் சத்தியம் செய்தாள்.

பொலிஸ் தரப்பில் எழும்பிய அதிகாரி சிரித்துக்கொண்டே கேட்டார். “ஒரே வீடு. மெசினை ஸ்டார்ட் பண்ணினா ஊருக்கே கேக்கும். உங்கட புருசன் மணலுக்குப் போறது உங்களுக்கு மட்டும் தெரியாது, அப்படியா?”

“தெரியும் ஐயா.”

ஹிதாயா எழுதுவதை நிறுத்தினாள். கனகசிங்கம் கண்ணை மூடிக்கொண்டார். மெசின் போச்சு.

“தெரிஞ்சும் என்ன செய்தீங்க?” இப்போது கேட்டது நீதவான்.

“போகாதீங்க எண்டு சொன்னன். கேக்கல்ல. மெசின் திறப்பை ஒளிச்சு வெச்சன். வயரை முட்டவெச்சு ஸ்டார்ட் பண்ணிக்கொண்டு போனார். பிள்ளை செத்த குழிக்குப் பக்கத்திலயே திரும்பவும் வெட்டினார் ஐயா.”

அவள் கூண்டின் விளிம்பை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள். வாய் குழறவில்லை.

“பிறகுதான் பொலிசுக்குப் போன் எடுத்துச் சொன்னன்.”

தகவல் சொன்னது ஒரு பெண்குரல்தான் என்று அதிகாரியும் இழுத்து இழுத்து ஒப்புக்கொண்டார். மெசினை உரிமையாளரிடம் விடுவிக்கும்படி நீதவான் கட்டளையிட்டார்.

மெசினை அவர் ஓட்டினார். அவள் மட்கார்டில் இருந்தாள். அம்மன் கோயிலடி வந்ததும் அவள் அவர் தோளைத் தட்டினாள்.

“நிப்பாட்டுங்க. இறங்கிப் போய் அந்த நேத்தியைத் திருப்பி எடுத்துப்போட்டு வாங்க,” என்றாள். “ராவைக்கு உங்களுக்குச் சோறாக்க எனக்குக் கை வேணும்.”