பேசத் தெரிந்தவன்

கோச் லாஃப்டன் பேனாவை மூடிச் சட்டைப்பையில் செருகினார்.

"நல்லா இருந்துச்சுப்பா. தேவைப்பட்டா கூப்பிடறோம்."

ஆர்டிஸ் மெக்ரே நாற்காலியை விட்டு எழவில்லை. இதே வாக்கியத்தை இந்த வாரத்தில் வேறு ஓர் ஊரிலும் கேட்டிருந்தான்.

அன்று காலை ஓமஹா அமெரிக்கக் கால்பந்து அணியின் பயிற்சி மைதானத்தில், காலியாக இருந்த ஓர் இடத்துக்கு, மூன்று பேரை ஓடவிட்டுப் பார்த்தார்கள். மற்ற இரண்டு பேரும் கல்லூரியை விட்டு அப்போதுதான் வந்தவர்கள். மான் மாதிரி ஓடினார்கள். ஆனால் அவர்களை வேனில் ஏற்றி அனுப்பிவிட்டு, ஆர்டிஸை மட்டும் இந்த அறைக்கு அழைத்து உட்கார வைத்தார் லாஃப்டன்.

உட்கார வைத்தால் எடுத்துக்கொள்வார்கள் என்பது ஆட்டக்காரர்களிடையே ஒரு நம்பிக்கை.

அலபாமாவில் பள்ளி நாட்களில் பந்தை எறிபவன் அவன்தான். கல்லூரியில் உடம்பு பெருத்ததும் டைட் எண்ட் என்னும் இடத்துக்கு மாற்றினார்கள். பாதி ஆட்டம் முன்வரிசையில் நின்று முட்டி மோதி வழி உண்டாக்க வேண்டும். மீதிப் பாதி ஓடிப்போய்ப் பந்தைப் பிடிக்க வேண்டும். அவனைவிடப் பலமாக முட்டுகிறவர்கள் இருந்தார்கள். அவனைவிட வேகமாக ஓடுகிறவர்களும் இருந்தார்கள். இரண்டும் ஓரளவு வரும் என்பதால் ஒவ்வோர் அணியாக மாறி மாறி ஒன்பது வருடம் தாக்குப்பிடித்தான்.

கடைசியாக இருந்தது போர்ட்லண்ட் அணி. அவன் முழங்காலைப் பார்த்துவிட்டு அவர்களும் போன வாரம் கைகழுவினார்கள்.

ஞாயிற்றுக்கிழமை ஓமஹா மோதப்போவது அந்தப் போர்ட்லண்டோடுதான்.

அது ஆர்டிஸுக்குத் தெரியாமல் இல்லை. லாஃப்டன் பேனாவைக் கையில் கொடுத்து, போர்ட்லண்டின் சைகைகளைப் பலகையில் எழுதச் சொன்னபோதே புரிந்தது. எல்லா அணியும் செய்கிற வேலைதான் என்று மனத்தைத் தேற்றிக்கொண்டு எழுதினான். யார் எந்தச் சொல்லைக் கத்தினால் யார் எந்தப் பக்கம் ஓடுவார்கள் என்று வரைந்து காட்டினான். வரைய வரைய அவனுக்கே உற்சாகம் வந்தது. அவனுக்கு என்ன தெரியும் என்று கேட்டு, முழுதாகக் காதுகொடுத்து ஒருவர் உட்கார்ந்து எத்தனையோ காலம் ஆகியிருந்தது.

இப்போது பலகை நிறைந்துவிட்டது. லாஃப்டன் கதவுப் பக்கம் நடந்தார்.

வீட்டிலிருந்து கிளம்பும்போது அவன் மனைவி ஷனிஸ் சிரித்துக்கொண்டேதான் சொன்னாள். "போய்ட்டு வா. இல்லைன்னாலும் எங்கண்ணன் டயர் கடை எங்கேயும் ஓடிப்போயிடாது."

லாஃப்டனின் கை கதவுப்பிடியில் இருந்தது.

"கோச், எமெட்டால இடது பக்கம் உடம்பைத் திருப்பி எறிய முடியாது."

லாஃப்டன் நின்றார். எமெட் ரூல் போர்ட்லண்டின் குவார்ட்டர்பேக், பந்தை எறிபவன். அவன் விழுந்தால் அந்த அணியும் விழும்.

"ஏன்?"

"விலா எலும்புல விரிசல் விட்டிருக்கு. வெளியில யாருக்கும் தெரியாது."

வைத்தியரைத் தவிர இரண்டு பேருக்குத்தான் தெரியும். எமெட்டால் கையை முதுகுக்குப் பின்னால் கொண்டுபோய்க் கட்டிக்கொள்ள முடியவில்லை. அதனால் தினமும் காலையில், மற்றவர்கள் வருவதற்கு முன்னால், குளியலறையில் வைத்து அவன் சட்டைக்குள் திண்டுபோட்டுக் கட்டிவிட்டவன் ஆர்டிஸ்தான். பல்லைக் கடித்துக்கொண்டு எமெட் நிற்பான். மூச்சு வாங்குவான். கட்டி முடித்ததும் ஏதாவது கெட்ட வார்த்தை சொல்லிச் சிரிப்பான்.

லாஃப்டன் திரும்பி வந்து எதிரில் உட்கார்ந்தார்.

"எந்த இடத்துல?"

ஆர்டிஸ் தன் விலாவில் விரல்களை வைத்துக் காட்டினான்.

லாஃப்டன் அந்த இடத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு தானும் தன் விலாவில் கை வைத்துப் பார்த்தார்.

"இங்கயா?"

"இன்னும் கொஞ்சம் கீழ."

அவர் எழுந்து கைகொடுத்தார். கை இதமாக இருந்தது. "ரொம்ப நன்றிப்பா. தேவைப்பட்டா கூப்பிடறோம்."

வெளியே வேன் திரும்பி வந்து காத்திருந்தது. விமான நிலையத்துக்குப் போகும் வழியெல்லாம் அறுவடை முடிந்த சோளக்காடு. எதையும் யோசிக்காமல் இருக்கப் பார்த்தான். கைப்பேசி அடித்தது.

எமெட்.

அடித்து ஓய்ந்தது. மறுபடியும் அடித்தது. எடுத்தான்.

"டேய் கிழவா! எடுத்துக்கிட்டாங்களா இல்லையா?"

"இன்னும் சொல்லல."

"எடுப்பாங்கடா. லாஃப்டன் யாருன்னு நினைச்ச? காலேஜ்ல எனக்கு கோச். வாரம் பூரா அவர் உயிரை எடுத்துட்டேன். ஆர்டிஸை ஓடவிட்டுப் பார்த்துட்டு அனுப்பிடாதீங்க, அவன் முழங்காலைப் பார்க்காதீங்க, உட்கார வச்சுப் பேசவிடுங்க, பேசினா விடமாட்டீங்கன்னு சொன்னேன்."

ஆர்டிஸ் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டான்.

"எங்க சைகையெல்லாம் கேட்டிருப்பாரே, கள்ளப்பய. சொல்லிட்டியா?"

"எமெட்..."

"அட, முழுங்காதடா. நீ போன அன்னைக்கே எல்லாத்தையும் மாத்திட்டாங்க. அவருக்கும் அது தெரியும். நீ எப்படி விளக்குறேன்னு பார்க்கத்தான் கேட்டிருப்பார். நல்லாப் பேசினியா?"

வேன் விமான நிலையத்துக்குள் திரும்பியது.

"பேசினேன்" என்றான் ஆர்டிஸ்.