மாமன் மடி

வெளிச்சம் கூடினால் குறையும். நேரே வைத்தால் ஆடும். திருப்பி வைத்தால் நிற்கும். அது என்ன, சொல்லுங்கள்.

விளக்கும் இல்லை, தராசும் இல்லை. ஏழு வயது யுவராஜின் பார்வை.

அவன் கண்ணுக்குள் இருக்க வேண்டிய நிறம் பிறவியிலேயே குறைவு. அதனால் வெயில் கூசும். தூரத்தில் இருப்பது தெளிவாகத் தெரியாது. கருவிழிகள் இடமும் வலமுமாக ஆடிக்கொண்டே இருக்கும். முகத்தை வலப்பக்கம் திருப்பிக்கொண்டால் ஆட்டம் அடங்கும். பள்ளிக்கூடத்தில் அவனுக்குப் பட்டப்பெயர் 'கடிகாரம்'.

இவ்வளவும் சொந்தக்காரர்களுக்குத் தெரியும். சேலத்து டாக்டர் சொன்ன மீதியை அவன் அம்மா சுகுணா யாரிடமும் சொல்லவில்லை.

அன்று அவனுக்குக் காதுகுத்து. கொல்லிமலையில், திருப்புலி நாட்டுக் கோயில் முன்னால் பந்தல் போட்டிருந்தார்கள். தாய்மாமன் மடியில் உட்காரவைத்துத்தான் காது குத்த வேண்டும்.

மாமன் அர்த்தனாரி, சுகுணாவின் அண்ணன். சேலத்தில் பேக்கரியில் வேலை. சீர்த்தட்டோடு பஸ்ஸில் வந்து இறங்கினார். தலையில் தொப்பி, கண்ணில் கறுப்புக் கண்ணாடி. தங்கை கல்யாணத்தன்றும் இதே கண்ணாடியோடுதான் நின்றவர்.

"கூலிங்கிளாஸ் மாமன் வந்தாச்சு," என்று பந்தலில் யாரோ சொல்ல, நாலு பேர் சிரித்தார்கள்.

யுவராஜின் அப்பாவோடு பிறந்த அத்தை ருக்குமணிக்கு அவர்மேல் பழைய கோபம். போன வருஷம் செம்மேடு பஸ் ஸ்டாண்டில் எதிரே நின்று சிரித்தாளாம். அவர் கண்டுகொள்ளாமல் போனாராம். வந்தவர்களிடமெல்லாம் அதைச் சொல்லிவிட்டு, கடைசியில் அவரிடமே வந்தாள்.

"ஏனுங்க, நல்ல காரியத்துல கறுப்புக் கண்ணாடி எதுக்குங்க? கழட்டி வச்சுட்டு மடியில புள்ளைய வாங்குங்க."

பக்கத்தில் நின்ற சுகுணா அண்ணன் கையை அழுத்தினாள்.

"கண்ணாடி இருக்கட்டுங்க," என்றார் அர்த்தனாரி.

"மருமவனைவிடக் கண்ணாடி பெருசாப் போச்சு, பார்த்துக்குங்க," என்றாள் ருக்குமணி, எல்லோருக்கும் கேட்கும்படி.

பெரியவர்கள் கூடிப் பேசினார்கள். சுகுணாவின் சித்தப்பா மகன் சதீஷ்குமாரும் மாமன் முறைதானே என்று முடிவாயிற்று. அவன் மடியில் யுவராஜை உட்காரவைத்தார்கள். அர்த்தனாரி ஒதுங்கி நின்றார். அவர் வாங்கி வந்த கடுக்கன்தான் ஆசாரியின் தட்டில் இருந்தது.

ஆசாரி வலது காதைப் பிடித்தார். யுவராஜ் முகத்தைத் திருப்பினான். நேராகப் பார்க்கச் சொன்னார். மறுபடியும் திருப்பினான். சதீஷ்குமார் இரண்டு கையாலும் தலையை நிமிர்த்திப் பிடித்துக்கொள்ள, ஒருவழியாகக் காது குத்தியாயிற்று. வெயில் நேரே முகத்தில் அடித்தது. கண்கள் தாறுமாறாக ஆடின.

முன்னால் நின்ற பிள்ளைகள் "டிக் டிக்" என்றார்கள்.

ஊசிக்கு அழாத பையன் இதற்கு அழுதான். "எனக்கு மட்டும் ஏம்மா இப்படி ஆடுது?"

"எங்க வம்சத்துல யாருக்கும் இல்ல," என்றாள் ருக்குமணி, சுகுணாவைப் பார்த்தபடி. "எங்கிருந்துதான் வந்துச்சோ."

அர்த்தனாரி கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்தார். தடுத்த தங்கையின் கையை மெல்ல எடுத்துவிட்டார். யுவராஜின் எதிரே குந்தி உட்கார்ந்து கண்ணாடியைக் கழற்றினார்.

"உனக்கு மட்டும் இல்ல சாமி. மாமனுக்கும் ஆடும். பாரு."

எதையும் ரொம்பக் கிட்டத்தில்தான் பார்ப்பான் யுவராஜ். மூக்கோடு மூக்கு இடிக்கிற அளவுக்குக் குனிந்து பார்த்தான்.

"ஆடுது," என்றான்.

அர்த்தனாரி முகத்தை வலப்பக்கம் திருப்பினார்.

"நின்னுருச்சு," என்றான். கன்னத்தில் கண்ணீர் காய்வதற்குள் சிரித்துவிட்டான்.

சுகுணா ருக்குமணி பக்கம் திரும்பினாள்.

"எங்க ஊட்டு வழியாத்தான் வந்துச்சுங்க அண்ணி. அம்மா வழியா ஆம்பளைப் புள்ளைக்கு வருமாம், டாக்டர் சொன்னார். இது தெரிஞ்சா என் கல்யாணம் நின்னுரும்னுதான் அண்ணன் கண்ணாடியைக் கழட்டாமயே இருந்தாரு. செம்மேட்டுல உங்க முகம் அவருக்குத் தெரியலீங்க. திமிர் புடிச்சவர்னு நீங்க பேசினப்ப எல்லாம், கேட்டுக்கிட்டுச் சும்மா இருந்தது நான்தான்."

ருக்குமணி அர்த்தனாரியின் கையிலிருந்த கண்ணாடியை வாங்கி, முந்தானையால் துடைத்து நீட்டினாள்.

"வெயில் கூசுமுங்க. போட்டுக்குங்க."

"கொஞ்சம் இருங்க. பையன் பார்த்து முடிக்கட்டும்," என்றார் அவர்.

டிக் டிக் சொன்ன பிள்ளைகளை யுவராஜ் கூப்பிட்டு, மாமன் கண்ணைக் காட்டினான். எனக்கும் மாமனுக்கும் ஒரே கண் என்று அவர்களிடம் சொன்னான்.

ஆசாரி அடுத்த காதுக்கு ஊசியைத் துடைத்தார். ஒரு மடியில் தொடங்கியதை அதே மடியில் முடிப்பதுதான் முறை என்று பெரியவர் ஒருவர் சொன்னார்.

இடது காதுக்கு யுவராஜ் மடி மாறி உட்கார்ந்தான்.