இடப்பக்கக் குரல்

தேவசேனா எழுதும் நாடகங்களில் அவளேதான் கதாநாயகி. ஆனாலும் மேடை ஏறிவிட்டால் சொந்த வசனமே அவளுக்கு மறந்துபோகும். இடப்பக்கத் திரை மறைவில் நின்று கோதண்டம் முதல் வார்த்தையை எடுத்துக் கொடுப்பார்; மிச்சம் தானாக வந்துவிடும். முன்வரிசையில் உட்கார்ந்தவர்களுக்குக்கூட அந்தக் குரல் கேட்டதில்லை. தனியாகவே வாழ்ந்துவிட்ட அவளுக்கோ, அவ்வளவு பக்கத்தில் பேசிய ஒரே குரல் அதுதான்.

கோதண்டம் இறந்த அன்று அவள் அவர் வீட்டுக்குள் நுழைந்ததும் அழுகைச் சத்தம் அடங்கியது. எத்தனையோ சாவுக் காட்சிகளில் சபையையே அழவைத்தவள். எல்லோரும் அவள் வாயையே பார்த்தார்கள்.

“இப்படி மரமா நிக்காதீங்கக்கா,” என்று கோதண்டத்தின் மனைவி லோகநாயகி அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். “உங்க வசனத்தைத் தூக்கத்துலகூடச் சொல்லுவாரு. அவருக்காக ஒரு வார்த்தை சொல்லுங்க.”

தேவசேனா வாயைத் திறந்தாள். முதல் வார்த்தை வரவில்லை. பழக்கத்தில் தலை தானாக இடப்பக்கம் சாய்ந்தது. அந்தப் பக்கம், அவரைக் கிடத்தியிருந்த ஐஸ் பெட்டி மெல்ல உறுமிக்கொண்டிருந்தது.

சரியாகக் காதில் விழவில்லை என்பதுபோல் அவள் இன்னும் கொஞ்சம் குனிந்தாள்.